டான் கொஸ்கரெல்லி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இவர்? பெயரே கேள்விப்பட்டதில்லையே.

பெரும்பாலானவர்கள் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள், அதில் தப்பு ஒன்றும் இல்லை. அமெரிக்கத் திகில் பட இயக்குநர். 1954-இல் லிபியாவின் திரிப்போலியில் பிறந்தவர், வளர்ந்ததெல்லாம் தெற்குக் கலிஃபோர்னியாவில், லாங் பீச் பக்கம். 1979-இல் வந்த ‘ஃபேன்டாஸம்’ என்ற படத்தை எடுத்தவர் என்று சொன்னால் திகில் பட ரசிகர்களுக்குப் புரிந்துவிடும். ஒரு வெள்ளிப் பந்து காற்றில் பறந்து வந்து மனிதனின் நெற்றியில் இரண்டு கத்திகளைப் பாய்ச்சி ஒட்டிக்கொள்ளும், அப்புறம் அதிலிருந்து ஒரு துளைப்பான் வெளியே வந்து மண்டையைத் துளைக்கும், பந்தின் பின்பக்கமாக ரத்தம் பீய்ச்சியடிக்கும். அந்தக் காட்சிதான் இவருடைய விசிட்டிங் கார்டு.

நாற்பது வருடம் சினிமாவில் இருந்தவர், ஆனால் இயக்கிய முழுநீளப் படங்கள் மொத்தம் பத்துதான். அந்தப் பத்தில் பெரிய வசூல் படம் என்று ஒன்று, இரண்டைத்தான் சொல்ல முடியும். பிறகு ஏன் இவரைப் பற்றிப் பக்கம் பக்கமாகப் பேச வேண்டும் என்றால், கையில் காசில்லாமல் படம் எடுப்பதை ஒரு ஆரம்பக் கட்டமாக வைத்துக்கொண்டு பிறகு பெரிய ஸ்டுடியோவுக்குத் தாவியவர்கள் நிறைய. காசில்லாமல் எடுப்பதையே கடைசிவரை தன் தொழில் முறையாக வைத்துக்கொண்டவர்கள் குறைவு.

பத்தொன்பது வயதில் ஹாலிவுட் ஸ்டுடியோவுக்குப் படம் விற்றார் என்பது உண்மையா?

உண்மை. கிரெய்க் மிட்செல் என்ற நண்பரோடு சேர்ந்து ‘ஜிம், தி வேர்ல்ட்ஸ் கிரேட்டஸ்ட்’ என்று ஒரு குடும்பப் படம் எடுத்தார், யூனிவர்சல் வாங்கியது, 1976-இல் வெளியானது. பணத்தில் அப்பா பக்கபலமாக நின்றார். அதில் குடிகார அப்பாவாக நடித்தவர் ரோரி கை என்பவர்; அவரைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேறு பெயரில் வருவார்.

அதே 1976-இல் ‘கென்னி அண்ட் கம்பெனி’ வந்தது. மூன்று பையன்கள், பள்ளிக்கூடம், ஹாலோவீன் என்று போகும் இலகுவான படம். அமெரிக்காவில் படுத்துவிட்டது, ஜப்பானில் நன்றாக ஓடியது. பின்னால் ஃபேன்டாஸத்தில் நடித்த மைக்கேல் பால்ட்வின் இதில்தான் முதலில் அவரோடு சேர்ந்தார்; இன்னொரு ஃபேன்டாஸம் நடிகரான ரெஜி பேனிஸ்டர் ‘ஜிம்’ படத்திலேயே சேர்ந்துவிட்டார், இதிலும் நடித்தார். இந்தப் படத்தை வெளியீட்டுக்கு முன் போட்டுக் காட்டியபோது, திடீரென்று பயமுறுத்தும் ஒரு இடத்தில் அரங்கமே துள்ளியதைக் கொஸ்கரெல்லி பார்த்தார். மனதைத் தொடும் காட்சிகளுக்கு அப்படி ஒரு எதிர்வினை வரவில்லை. அடுத்தது திகில் படம்தான் என்று முடிவு செய்தார். திகில் படங்கள் பெரும்பாலும் கையைக் கடிக்காது என்ற வியாபாரக் கணக்கும் சேர்ந்தே இருந்தது, அதை அவர் ஒருநாளும் மறைத்ததில்லை.

ஃபேன்டாஸம் கதை என்ன? எனக்குப் புரியவே இல்லை.

யாருக்கும் முழுசாகப் புரியாது, கவலை வேண்டாம்.

பெற்றோரை இழந்த மைக் (மைக்கேல் பால்ட்வின்) என்ற பதின்மூன்று வயதுப் பையன். எங்கே அண்ணனும் தன்னை விட்டுப் போய்விடுவானோ என்ற பயத்தில் அவன் பின்னாலேயே சுற்றுகிறான். ஊர் மயானத்தில் ஒரு நெட்டையான ஆள், சவப்பெட்டியைத் தனி ஆளாக, பால் பாக்கெட்டைத் தூக்குவதுபோல் தூக்கி வண்டியில் வைப்பதைப் பார்த்துவிடுகிறான். அந்த நெட்டை மனிதன் பிணங்களைக் குள்ள உருவங்களாகச் சுருக்கி வேறொரு உலகத்துக்கு அடிமைகளாக அனுப்பிக்கொண்டிருக்கிறான். இவ்வளவுதான் கதை என்று நினைக்கும்போது, எல்லாமே கனவோ என்று ஒரு திருப்பம் வரும், அதுவும் நிலைக்காது.

பதின்பருவத்தில் கொஸ்கரெல்லிக்கு வந்த ஒரு கனவுதான் விதை: முடிவே இல்லாத பளிங்கு நடைபாதைகளில் அவர் ஓடுகிறார், குரோம் பந்து ஒன்று துரத்துகிறது. அதற்கு முன்னால் ரே பிராட்பரியின் நாவல் ஒன்றைப் படமாக்க ஆசைப்பட்டார், உரிமை ஏற்கெனவே வேறு யாருக்கோ போயிருந்தது. மலைப்பக்கம் ஒரு குடிலில் தனியாக உட்கார்ந்து சொந்தக் கதையை எழுதினார். படப்பிடிப்பின்போதும் திரைக்கதை மாறிக்கொண்டே இருந்தது. அதனால்தான் காட்சிக்குக் காட்சி காரண காரியம் தேடினால் கிடைக்காது. ஆனால் சாவைப் பற்றி ஒரு சின்னப் பையனுக்கு யாரும் எதையும் விளக்காதபோது அவன் தலைக்குள் என்னவெல்லாம் ஓடும் என்று யோசித்துப் பாருங்கள், படம் கச்சிதமாகப் பொருந்தும். என் கருத்தில் இந்தப் படம் இன்னும் நிற்பதற்குப் பந்தைவிட இதுதான் காரணம்.

மூன்று லட்சம் டாலரில் எப்படி எடுத்தார்கள்?

இதுதான் எல்லோரும் கேட்கும் கேள்வி, விரிவாகவே சொல்கிறேன்.

பணத்தில் ஒரு பங்கு அப்பாவுடையது, மீதி அறிமுகமான டாக்டர்கள், வக்கீல்கள் போட்டது. அம்மா கேட் கொஸ்கரெல்லி கலை, உடை, ஒப்பனை என்று பல வேலைகளை இழுத்துப் போட்டுச் செய்தார், டைட்டிலில் வெவ்வேறு பெயர்களில் வருவார். ஒரே பெயர் நாலு இடத்தில் வந்தால் வீட்டுப் படம் என்று தெரிந்துவிடும் அல்லவா. படத்தை நாவலாக எழுதியதும் அவரே. பிற்காலத்தில் அவர் தனியாக நாவலாசிரியராகவும் பெயர் எடுத்தார்.

ஒளிப்பதிவாளருக்குக் கொடுக்கக் காசில்லை, அதனால் கொஸ்கரெல்லியே கேமரா பிடித்தார். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, எடிட்டிங் நான்கும் ஒரே ஆள். உடன் தயாரித்தவர் பால் பெப்பர்மேன். மற்றவர்கள் நண்பர்கள், சினிமாவுக்குள் நுழையத் துடித்த இளைஞர்கள். 1977-இல் ஆரம்பித்து ஒரு வருடத்துக்கும் மேலாக, பெரும்பாலும் வார இறுதிகளில் எடுத்தார்கள். அதற்குக் காரணம் ஆட்களின் வசதி மட்டும் இல்லை. வாடகைக் கடையில் வெள்ளிக்கிழமை கேமரா எடுத்தால் திங்கட்கிழமை திருப்பிக் கொடுக்கலாம், ஒரு நாள் வாடகைதான் போடுவார்கள்.

மயான மண்டபத்தின் உள்பக்கம் முழுக்க லாஸ் ஏஞ்சலிஸ் அருகே சாட்ஸ்வொர்த்தில் ஒரு கிடங்குக்குள் போட்ட செட். அதன் வெளித்தோற்றம் பல நூறு மைல் தள்ளி ஓக்லாண்டில் உள்ள டன்ஸ்மியர் மாளிகை. பார்க்கும்போது இரண்டும் ஒரே கட்டடம் என்றுதான் தோன்றும்.

பந்து? வில்லார்ட் கிரீன் என்ற கைவினைக் கலைஞர் ஆயிரத்துச் சொச்சம் டாலருக்குச் செய்து கொடுத்தார். படம் வெளியாகுமுன்பே அவர் இறந்துவிட்டார், தான் செய்த பொருள் இவ்வளவு புகழ் பெறப்போகிறது என்று தெரியாமலே. பறக்கும் காட்சிக்கு மர்மம் ஒன்றும் இல்லை. பேஸ்பால் வீசத் தெரிந்த ஒருவர் கேமராவுக்குப் பின்னாலிருந்து பந்தை நடைபாதைக்குள் எறிந்தார், அந்தத் துண்டைப் பின்னோக்கி ஓட்டினார்கள், பந்து நம்மை நோக்கி வருவதுபோல் ஆகிவிட்டது. சில இடங்களில் மீன்பிடி நரம்பில் கட்டித் தொங்கவிட்டார்கள்.

முதல் வெட்டு மூன்று மணி நேரத்துக்கு மேல் வந்தது. போட்டுக் காட்டினார்கள், சொதப்பல். பாத்திரங்களை வளர்க்கிறேன் என்று சேர்த்த காட்சிகளையெல்லாம் இரக்கமில்லாமல் தூக்கி எறிந்து ஒன்றரை மணி நேரத்துக்குக் கொண்டுவந்தார். தூக்கி எறிந்தார் என்றா சொன்னேன்? இல்லை, பத்திரமாக வைத்துக்கொண்டார். இருபது வருடம் கழித்து அந்தத் துண்டுகள் எங்கே போயின என்று கீழே வருகிறது.

படம் ஓடியதா? தணிக்கையில் சிக்கியது என்கிறார்களே.

அமெரிக்காவில் தணிக்கை நம்மூர் மாதிரி அரசு வாரியம் இல்லை. திரைத்துறையே நடத்தும் சங்கம் ஒன்று வயது வரம்பு கொடுக்கும். பந்துக் காட்சியைப் பார்த்துவிட்டு அவர்கள் ‘எக்ஸ்’ கொடுத்தார்கள். எக்ஸ் என்றால் பல தியேட்டர்கள் எடுக்காது, பல பத்திரிகைகள் விளம்பரம் போடாது, அதாவது சின்னப் படத்துக்குச் சமாதி. லாஸ் ஏஞ்சலிஸ் டைம்ஸ் விமர்சகர் சார்லஸ் சாம்ப்ளின் அந்தச் சங்கத்தில் தனக்குத் தெரிந்தவருக்கு ஒரு போன் போட்டார், அதைவிடத் தளர்வான ‘ஆர்’ கிடைத்தது. ஒரு விமர்சகர் போன் போட்டுப் படத்தைக் காப்பாற்றிய கதையை இப்போது கேட்டால் நம்பவே கஷ்டமாக இருக்கிறது.

அவ்கோ எம்பஸி விநியோகித்தது. 1979 மார்ச்சில் முதலில் கலிஃபோர்னியாவிலும் டெக்சாஸிலும் போட்டுப் பார்த்து, அப்புறம் கோடையில் விரித்தார்கள். அமெரிக்க வசூல் ஏறக்குறைய 1 கோடியே 20 லட்சம் டாலர். போட்ட பணத்துக்கு நாற்பது மடங்கு. அந்தப் பணம் முழுக்கத் தயாரிப்பாளர் கைக்கு வராது, தியேட்டர் பங்கும் விநியோகஸ்தர் பங்கும் போக மிச்சம்தான் என்பது சினிமா வியாபாரம் தெரிந்த எவருக்கும் தெரியும். ஆஸ்திரேலியாவில் கிட்டத்தட்ட இதே பெயரில் வேறொரு படம் முன்பே வந்திருந்ததால் ‘தி நெவர் டெட்’ என்று ஓட்டினார்கள்.

அந்த நெட்டை மனிதர் யார்?

ஆங்கஸ் ஸ்கிரிம். மேலே சொன்ன ரோரி கைதான். உண்மையான முழுப்பெயர் லாரன்ஸ் ரோரி கை. ஆறடி நாலு அங்குலம். அது போதாது என்று குதிகால் உயர்ந்த பூட்ஸ் போட்டு, அளவில் சிறிய கோட் மாட்டிவிட்டார்கள், கை கால் இன்னும் நீளமாகத் தெரிய. ஒரு புருவத்தைத் தூக்கி “பாய்!” (ஆங்கிலத்தில் ‘பையா!’) என்று ஒரே ஒரு சொல் சொல்வார், அவ்வளவுதான் பல வருடங்களுக்கு அவருடைய பிழைப்பு.

திரைக்கு வெளியே அவர் இசைத்தட்டு உறைகளுக்குக் குறிப்பு எழுதும் எழுத்தாளர், கேப்பிடல் ரெக்கார்ட்ஸில் இருந்தவர், அந்த எழுத்துக்கு கிராமி விருதே வாங்கியவர். சாஸ்திரிய இசையைப் பற்றிக் கட்டுரை எழுதும் சாதுவான மனிதரைப் பார்த்து ஒரு தலைமுறையே அலறியது. 2016 ஜனவரியில், 89 வயதில் காலமானார்.

பீஸ்ட்மாஸ்டர் இவர் எடுத்ததா? அது பெரிய படமாச்சே!

இவர்தான். 1982. விலங்குகளோடு மனதால் பேசும் வாள்வீரன், மார்க் சிங்கர் நடித்தது. ஃபேன்டாஸம் போல முப்பது மடங்குக்குக் கிட்டத்தட்டச் செலவு. ஒளிப்பதிவு ஜான் ஆல்காட், ‘பேரி லின்டன்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர். கருஞ்சிறுத்தை என்று நாம் நம்பிய விலங்கு உண்மையில் கறுப்புச் சாயம் பூசிய புலி.

கொஸ்கரெல்லிக்கு இது இனிமையான அனுபவம் இல்லை. நடிகர் தேர்விலும் எடிட்டிங்கிலும் பணம் போட்டவர்களோடு மோதல், கடைசியில் படத்தின் இறுதி வடிவம் அவர் கையில் இல்லை. தியேட்டரிலும் சுமாராகத்தான் போனது. ஆனால் கேபிள் டிவி அதற்கு இரண்டாவது வாழ்க்கை கொடுத்தது. எச்பிஓவும் டிபிஎஸ்ஸும் அதை எத்தனை தடவை போட்டன என்றால், அந்தச் சேனல்களின் பெயர்ச் சுருக்கத்துக்கே ‘ஏய், பீஸ்ட்மாஸ்டர் ஓடுது’ என்கிற மாதிரி விரிவாக்கம் சொல்லி மக்கள் கிண்டலடிக்க ஆரம்பித்தார்கள். பிறகு வந்த இரண்டு தொடர்ச்சிப் படங்களுக்கும் டிவி தொடருக்கும் இவர் இயக்குநர் இல்லை.

எனக்கு இந்தப் படம் பிடிக்கும். கொஞ்சம் நீளம், ஆனால் அந்த இரண்டு ஃபெரெட்டுகள் (கீரி மாதிரி சின்ன விலங்குகள்) வரும் காட்சிகளில் எல்லாம் மன்னித்துவிடத் தோன்றும்.

1982-க்குப் பிறகு ஆறு வருடம் என்ன செய்தார்?

ஸ்டீபன் கிங் கதையான ‘சில்வர் புல்லட்’ படத்தை இயக்க ஒப்பந்தமாகி, கொஞ்சம் எடுத்துவிட்டு விலகினார். ‘சர்வைவல் குவெஸ்ட்’ என்று மலையேற்றச் சாகசப் படம் ஒன்று எடுத்தார், லான்ஸ் ஹென்ரிக்சன் நடித்தது, அதை இன்று யாரும் பேசுவதில்லை. பேச வேண்டிய அளவுக்கு ஒன்றும் இல்லை.

ஃபேன்டாஸம் இரண்டாம் பாகத்தில் மைக் ஏன் வேறு ஆள்?

1988-இல் யூனிவர்சல் முப்பது லட்சம் டாலர் கொடுத்தது. அந்த ஸ்டுடியோவுக்கு அது பிச்சைக்காசு, கொஸ்கரெல்லிக்கு முதல் பாகத்தின் பத்து மடங்கு. பணத்தோடு நிபந்தனைகளும் வந்தன. கனவா நனவா என்ற குழப்பம் வேண்டாம், கதை நேராகப் போக வேண்டும். அப்புறம், முகம் தெரிந்த நடிகர்கள் வேண்டும், பழைய ஆட்கள் இருவரையும் மாற்று. பேரம் பேசி ஒருவரை மட்டும் வைத்துக்கொள்ள அனுமதி வாங்கினார். பால்ட்வினா பேனிஸ்டரா என்று அவரே தேர்ந்தெடுக்க வேண்டிய நிலை. சின்ன வயதிலிருந்து தன்னோடு வந்த பையனை ஒதுக்கிவிட்டு ரெஜியை வைத்துக்கொண்டார். மைக்காக ஜேம்ஸ் லெக்ரோ நடித்தார்.

படம் எப்படி? துள்ளலான படம். நான்கு குழல் துப்பாக்கி, பெரிய வெடிப்புகள், பந்துகளிலும் புதுப்புது வகை. எரித்த சாம்பல் போடும் பை ஒன்றில் ‘சாம் ரெய்மி’ என்று எழுதியிருக்கும், சக திகில் இயக்குநருக்கு ஒரு கண்ணடிப்பு. ஆனால் முதல் பாகத்தில் இருந்த அந்த இனம்புரியாத சோகம் இதில் காணோம். வசூல் எழுபது லட்சம் டாலரைச் சற்றுத் தாண்டியது, ஸ்டுடியோவுக்கு அது போதவில்லை.

பீஸ்ட்மாஸ்டரில் எடிட்டிங் போனது, இங்கே ஒரு நடிகர் போனார். இவருடைய தொழில் வாழ்க்கையின் முடிச்சு இதில்தான் இருக்கிறது என்று நினைக்கிறேன். அடுத்தவர் பணம் பெரிதாக வந்தபோதெல்லாம் அவரிடமிருந்து ஏதோ ஒன்று போயிருக்கிறது. அதற்காக ஸ்டுடியோக்காரர்களை வில்லன் ஆக்கிவிடவும் முடியாது, பணம் போட்டவன் கேள்வி கேட்கத்தான் செய்வான். 1994-இல் மூன்றாம் பாகத்தில் பால்ட்வின் திரும்பி வந்தார். அதைத் தியேட்டரில் பேருக்குக் காட்டிவிட்டு நேராக வீடியோவுக்கு அனுப்பினார்கள்.

நான்காம் பாகத்தில் பழைய காட்சிகள் எப்படி வந்தன? கிராபிக்ஸா?

இல்லை! 1977, 78-இல் எடுத்து வெட்டிப்போட்ட அந்தத் துண்டுகள்தான்.

கதை இப்படி. ‘பல்ப் ஃபிக்‌ஷன்’ கதைக்கு ஆஸ்கர் பகிர்ந்துகொண்ட ரோஜர் ஏவரி, ஃபேன்டாஸம் வெறியர். தானாகவே உட்கார்ந்து தொடருக்கு ஒரு பிரம்மாண்டமான முடிவை எழுதிக் கொடுத்தார், நாகரிகம் அழிந்தபின் நடக்கும் கதை. எடுக்க ஒரு கோடி டாலர் அளவுக்கு வேண்டும், யாரும் தரவில்லை. சரி, அதுவரை ஒரு பாலம் போடுவோம் என்று ஆறரை லட்சம் டாலரில் 1998-இல் நான்காம் பாகத்தை எடுத்தார் கொஸ்கரெல்லி. பாதி நேரம் பாலைவனத்தில் ஆட்கள் தனித்தனியாக அலைகிறார்கள், ஏனென்றால் அதற்குச் செட் தேவையில்லை. அதன் நடுவே திடீரென்று பதின்மூன்று வயது பால்ட்வின் வருகிறார், இருபது வயது குறைந்த ஸ்கிரிம் வருகிறார், ஒரே நடிகர்கள், ஒரே பாத்திரங்கள், நடுவில் உண்மையான இருபது வருடம். எந்த ஒப்பனையாலும் அதைக் கொண்டுவர முடியாது. முதல் படத்தில் உபரியாகத் தோன்றிய காட்சிகள் இங்கே நினைவுகளாக மாறிவிட்டன. முதல் பாகத்துக்கு அடுத்து எனக்கு இதுதான். பலர் சண்டைக்கு வருவார்கள், வரட்டும்.

ஏவரி எழுதியது கடைசிவரை படமாகவில்லை.

பப்பா ஹோ-டெப் பற்றிச் சொல்லுங்கள். எல்விஸ் பேயோடு சண்டை போடுவாராமே?

பேய் இல்லை, எகிப்திய மம்மி. ஜோ லான்ஸ்டேல் எழுதிய குறுநாவலை வைத்துக் கொஸ்கரெல்லி எடுத்த படம். எல்விஸ் பிரெஸ்லி சாகவில்லை. புகழ் அலுத்துப்போய்த் தன்னைப்போல் வேஷம் போடும் ஒருவனோடு இடம் மாற்றிக்கொண்டார், செத்தது அவன். நிஜ எல்விஸ் இப்போது கிழக்கு டெக்சாஸில் ஒரு முதியோர் இல்லத்தில் இடுப்பெலும்பு உடைந்து கிடக்கிறார், யாரும் நம்புவதில்லை. பக்கத்து அறையில் இன்னொரு கிழவர், தான்தான் ஜனாதிபதி கென்னடி என்கிறார், ஆனால் அவர் கறுப்பினத்தவர். தன் தோலுக்குச் சாயம் போட்டுவிட்டார்கள் என்று விளக்கம் வேறு. கௌபாய் தொப்பி போட்ட மம்மி ஒன்று இரவில் வந்து முதியவர்களின் ஆன்மாவை உறிஞ்சுகிறது. முதியோர் இல்லத்தில் ஒருவர் செத்தால் யார் சந்தேகப்படப் போகிறார்கள்?

கேட்டால் கேலிக்கூத்து போல இருக்கும். பார்த்தால் தொண்டை அடைக்கும். எல்விஸாக ‘ஈவில் டெட்’ புகழ் புரூஸ் கேம்ப்பெல், கென்னடியாக ஆஸி டேவிஸ். டேவிஸ் சாதாரண ஆள் இல்லை, 1965-இல் மால்கம் எக்ஸின் இறுதிச் சடங்கில் இரங்கலுரை ஆற்றியவர். அவர் அந்த அபத்தமான வசனங்களைச் சிரிக்காமல், முழு மரியாதையோடு பேசுவதால்தான் படம் நிற்கிறது. எல்விஸ் பற்றிய படம், ஆனால் எல்விஸ் பாட்டு ஒன்றுகூடக் கிடையாது. உரிமை வாங்கக் காசில்லை. பிரையன் டைலரின் கிட்டார் இசையைக் கேட்டபின் பாட்டு இல்லாததே தெரியவில்லை.

2002-இல் டொராண்டோ விழாவில் காட்டினார்கள். பார்த்தவர்களுக்குப் பிடித்தது, ஆனால் நாடு முழுக்க வெளியிடப் பெரிய விநியோகஸ்தர் யாரும் முன்வரவில்லை. கிழவர்கள், மம்மி, எல்விஸ், இதை யாருக்கு விற்பது? அப்புறம் கொஸ்கரெல்லி பழைய காலத்து வழிக்குப் போனார். 32 பிரிண்ட் மட்டும் போட்டார். அது ஃபிலிம் காலம் என்பதை நினைவில் வையுங்கள், பிரிண்ட் ஒவ்வொன்றுக்கும் தனிச் செலவு, ஒரே நேரத்தில் ஆயிரம் தியேட்டரில் போடுவதெல்லாம் ஸ்டுடியோ வைத்திருப்பவர்களுக்கு மட்டுமே. இந்த 32-ஐயும் ஊர் ஊராகச் சுற்றவிட்டார்கள். ஒரு ஊரில் ஓடி முடிந்ததும் பெட்டி அடுத்த ஊருக்கு. கேம்ப்பெல் பல ஊர்களுக்கு நேரில் போய் ரசிகர்களோடு பேசினார். டிக்கெட் வசூல் 12 லட்சம் டாலர் அளவில் வந்தது, அப்புறம் டிவிடியில் பிய்த்துக்கொண்டு போனது. திரைக்கதைக்கு பிராம் ஸ்டோக்கர் விருதும் கிடைத்தது. தொடர்ச்சியாக ‘பப்பா நோஸ்ஃபெராட்டு’ என்று ஒன்று வரும் என்று வருடக்கணக்கில் பேச்சு அடிபட்டது, எடுக்கப்படவில்லை.

அதற்குப் பிறகு?

2005-இல் ‘மாஸ்டர்ஸ் ஆஃப் ஹாரர்’ டிவி தொடரின் முதல் அத்தியாயத்தை இயக்கினார், அதுவும் லான்ஸ்டேல் கதை. 2012-இல் ‘ஜான் டைஸ் அட் தி எண்ட்’. அதன் மூல நாவலை அவருக்கு அறிமுகம் செய்தது அமேசானின் தானியங்கிப் பரிந்துரை மின்னஞ்சல். ஜாம்பி புத்தகங்கள் வாங்கியிருந்தார், இதுவும் உங்களுக்குப் பிடிக்கும் என்றது, பிடித்துவிட்டது. பப்பா ஹோ-டெப்பின் ரசிகரான பால் ஜியாமட்டி நிர்வாகத் தயாரிப்பாளராகச் சேர்ந்து நடிக்கவும் செய்தார். சன்டான்ஸ் திரைப்பட விழாவில் நள்ளிரவுக் காட்சியாகப் போட்டார்கள். முதல் பாதி அபாரம், இரண்டாம் பாதியில் புத்தகத்தை அடக்க இடம் போதாமல் மூச்சு வாங்குகிறது.

2016-இல் ஃபேன்டாஸம் ஐந்தாம் பாகம், ‘ராவேஜர்’. இயக்கியவர் டேவிட் ஹார்ட்மன், கொஸ்கரெல்லி எழுத்திலும் தயாரிப்பிலும். இணையத்துக்கான சின்னச் சின்னப் படங்களாகத் தொடங்கி, வருடக்கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து ஒட்டியது. கிராபிக்ஸ் மட்டமாகத்தான் இருக்கும், ஒளிப்பானேன். ஆனால் ரெஜி பேனிஸ்டர் மறதி நோயோடு மருத்துவமனையில் படுத்திருக்க, இத்தனை வருடச் சாகசமும் நடந்ததா இல்லையா என்று தெரியாமல் தடுமாறும் காட்சிகள் உண்டு. முப்பத்தேழு வருடம் பார்த்த முகங்கள் என்பதால் அது வேறு மாதிரி தாக்குகிறது. 2018-இல் ‘ட்ரூ இண்டி’ என்று தன் சினிமா அனுபவங்களைப் புத்தகமாக எழுதினார். குறும்படம் எடுக்கும் தம்பிகள் கண்டிப்பாகப் படிக்க வேண்டியது, தொழில்நுட்பத்தைவிட வாடகை, ஒப்பந்தம், விநியோகம் பற்றி அவர் சொல்லும் பகுதிகளுக்காக.

ஸ்டார் வார்ஸுக்கும் இவருக்கும் என்ன சம்பந்தம்?

ஜே.ஜே. ஏப்ரம்ஸ் சம்பந்தம். அவர் பழைய ரசிகர், தன் ‘ஏலியஸ்’ தொடரில் ஸ்கிரிமை நடிக்கவைத்தவர். தான் இயக்கிய ஸ்டார் வார்ஸ் படமான ‘தி ஃபோர்ஸ் அவேகன்ஸ்’-இல் பளபளக்கும் குரோம் கவசத்தில் வரும் கேப்டன் ஃபாஸ்மாவுக்கு ஃபேன்டாஸம் பந்தை நினைத்துத்தான் பெயர் வைத்ததாகச் சொன்னார். அதோடு நிற்காமல், அவருடைய பேட் ரோபோ நிறுவனத்தில் முதல் படத்தின் மூல நெகட்டிவிலிருந்து 4கே தரத்தில் மீட்டெடுத்துக் கொடுத்தார்கள். 2016-இல் அது தியேட்டர்களுக்கே திரும்ப வந்தது.

எந்தப் படத்தில் தொடங்கலாம்?

திகில் பழக்கம் இல்லை என்றால் பப்பா ஹோ-டெப். பழக்கம் உண்டு என்றால் ஃபேன்டாஸம், மீட்டெடுத்த பதிப்பு, ராத்திரியில், போனைத் தள்ளி வைத்துவிட்டு. அது பிடித்தால் நான்காம் பாகத்துக்குத் தாவலாம், இரண்டும் மூன்றும் தலை கால் புரியாமல் போனாலும் பெரிய நஷ்டம் இல்லை, எப்படியும் புரியப் போவதில்லை. பீஸ்ட்மாஸ்டர் எப்போது டிவியில் மாட்டினாலும் பாருங்கள்.

குழந்தைகளோடு பார்க்கலாமா?

ஃபேன்டாஸம் வேண்டாம், பந்துக்கு முன்னாலேயே நிர்வாணக் காட்சி வந்துவிடும். பப்பா ஹோ-டெப்பில் எல்விஸுக்கு எந்த இடத்தில் கட்டி என்பதை விளக்க வேண்டியிருக்கும், அதுவும் வேண்டாம். கென்னி அண்ட் கம்பெனி தாராளமாகப் பார்க்கலாம். ஹாலோவீன் காட்சியில் மட்டும் கொஞ்சம் துள்ளுவார்கள்.